டான் ரிச்சுக்காகக் கேட்கும் ஆல்பம்

அமெரிக்க கன்ட்ரி பாடகர் பக் ஓவன்ஸும் அவருடைய பக்கரூஸ் குழுவும் 1966 மார்ச் 25 அன்று நியூயார்க்கின் கார்னகி ஹாலில் கச்சேரி செய்தார்கள். அதே ஆண்டு கேபிட்டல் நிறுவனம் அதை எல்பியாக வெளியிட்டது. அவர்களுடைய முதல் லைவ் ஆல்பம் அதுதான். உறையில் கொட்டை எழுத்தில் இருக்கும் பெயர் பக் ஓவன்ஸுடையது. நான் அதைப் போட்டுக் கேட்பது அவருக்குப் பக்கத்தில் நின்று கிடார் வாசித்துக்கொண்டே கூடப் பாடிய ஆளுக்காக. பெயர் டான் ரிச்.

பக்கத்தில் நிற்கிறவன் மேல் எனக்கு ஏன் இவ்வளவு கரிசனம் என்று கேட்பவர்களுக்கு: நானும் அந்தக் கூட்டம்தான். திருச்சி, தஞ்சாவூர் பக்கம் ஒரு ஆர்க்கெஸ்ட்ராவில் இரண்டாவது கிடார் வாசிக்கிறேன். ரிசப்ஷன், கோயில் திருவிழா, கட்சிக் கூட்டத்துக்கு முன்னால் ஆள் சேர்க்க ஒரு மணி நேரம், இப்படி எல்லாம் உண்டு. கீபோர்டுக்குப் பின்னால் பாதி மறைந்து நிற்பேன். கல்யாண வீடியோவில் என் முழங்கை மட்டும் வரும். கோரஸ், ஹம்மிங், பாடகர் வரியை விட்டுவிட்டால் எடுத்துக் கொடுப்பது, இதெல்லாம் என் பங்கு. கன்ட்ரி மியூசிக், அதாவது அமெரிக்கக் கிராமத்து ஜனங்களின் பாட்டு, அதெல்லாம் நமக்கு எதற்கு என்றுதான் நானும் இருந்தேன். டெலிகாஸ்டர் என்ற எலெக்ட்ரிக் கிடாரை யார் நன்றாக வாசித்திருக்கிறார்கள் என்று தேடிக்கொண்டு போனபோது டான் ரிச் கிடைத்தார். அப்புறம் அவர் குரல் காதில் விழுந்தது. அதோடு நான் காலி.

முதலில் பக் ஓவன்ஸைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் கார்னகி ஹாலில் அவர் போய் நின்றது எவ்வளவு பெரிய விஷயம் என்று தெரியாது.

1929ல் டெக்சாஸ் மாநிலம் ஷெர்மனில் பிறந்தவர். வைத்த பெயர் ஆல்விஸ் எட்கர் ஓவன்ஸ். வீட்டுக் கோவேறு கழுதையின் பெயர் பக். அந்தப் பெயரைச் சின்ன வயதிலேயே தனக்கு வைத்துக்கொண்டார். 1930களில் டெக்சாஸ், ஓக்லஹோமா பக்கமெல்லாம் மழை பொய்த்து, புழுதிப் புயல் அடித்து, நிலம் பாழானது. குடும்பம் குடும்பமாக மேற்கே கிளம்பினார்கள். ஓவன்ஸ் குடும்பமும் 1937ல் மூட்டை முடிச்சைக் கட்டியது. கலிபோர்னியாவுக்குப் போக வேண்டியவர்கள், வழியில் டிரெய்லரை வண்டியோடு பிணைக்கும் கொக்கி உடைந்துபோக, அரிசோனாவிலேயே தங்கிவிட்டார்கள். பையன் பருத்தி எடுத்தான், பிறகு லாரி ஓட்டினான். 1951ல்தான் கலிபோர்னியாவின் பேக்கர்ஸ்ஃபீல்டுக்கு வந்து சேர்ந்தார்.

பேக்கர்ஸ்ஃபீல்ட் என்பது பருத்திக் காடும் எண்ணெய்க் கிணறும் சூழ்ந்த ஊர். பஞ்சம் பிழைக்க வந்த ஜனங்களை 'ஓக்கி' என்று உள்ளூர்க்காரர்கள் ஏளனமாகக் கூப்பிட்டார்கள். அந்த ஜனங்கள் வேலை முடிந்து குடிக்கவும் ஆடவும் போகிற இடங்களில் ஒன்று 'பிளாக்போர்டு'. பக் அங்கே பில் வுட்ஸ் என்பவரின் குழுவில் வருஷக்கணக்கில் கிடார் வாசித்தார். ஒரு பக்கம் ஆட்டம், ஒரு பக்கம் அடிதடி, பீர் பாட்டில் சத்தம். இந்த இரைச்சலைத் தாண்டிப் பாட்டு போய்ச் சேர வேண்டும் என்றால் மெல்லிய வயலின் எல்லாம் ஆகாது. கணீரென்ற எலெக்ட்ரிக் கிடார் வேண்டும், டிரம்ஸ் அழுத்தமாக விழ வேண்டும். அதே காலத்தில் நாஷ்வில் நகர ஸ்டுடியோக்களில் கன்ட்ரி பாட்டுக்கு வயலின் கூட்டமும் கோரஸ் குரல்களும் சேர்த்து வழவழவென்று ஆக்கிக்கொண்டிருந்தார்கள். பேக்கர்ஸ்ஃபீல்டுக்காரர்கள் எதிர்த்திசையில் போனார்கள். பக் தன் இசைத்தட்டுகளைக் காரில் இருக்கும் சின்ன ரேடியோ ஸ்பீக்கரில் எப்படிக் கேட்கும் என்பதை மனதில் வைத்துத்தான் மிக்ஸ் செய்ய வைத்தார். பேஸைக் குறைத்து, ட்ரெபிளைத் தூக்கி வைத்தார்கள். மண்டபத்தில் நாங்கள் வாசிக்கும்போது பேஸை ஏற்று ஏற்று என்று கத்துகிற மாப்பிள்ளைத் தோழர்களுக்கு இதைச் சொல்ல ஆசை. சொல்லிப் பிழைக்க முடியாது.

கேபிட்டல் நிறுவனத்தில் முதலில் மற்றவர்கள் பாட்டுக்கு கிடார் வாசிக்கும் ஆளாகத்தான் போய்வந்தார். 1957ல் தயாரிப்பாளர் கென் நெல்சன் அவரைப் பாடகராக ஒப்பந்தம் செய்தார். உடனே ஒன்றும் நடந்துவிடவில்லை. மனிதர் வடக்கே வாஷிங்டன் மாநிலத்துக்குப் போய் ஒரு சின்ன ரேடியோ நிலையத்தில் பங்கு வாங்கி, விளம்பரம் பிடித்து, ராத்திரியில் கச்சேரி செய்துகொண்டிருந்தார். டக்கோமா என்ற ஊரில் அப்படி ஒரு இடத்தில்தான் பிடில் வாசித்துக்கொண்டிருந்த பையன் ஒருவனைப் பார்த்தார். டொனால்ட் யூஜின் உல்ரிச். 1941ல் பிறந்தவன், பக்கைவிட 12 வயது இளையவன். அந்த உல்ரிச்தான் டான் ரிச்.

இந்தப் பையன் கல்லூரியில் இசை படிக்கப் போனான். அதற்குள் பக்குக்குப் பாட்டுகள் ஓட ஆரம்பித்துவிட்டன. 1960 கடைசியில் டான் படிப்பை விட்டுவிட்டு பேக்கர்ஸ்ஃபீல்டுக்கு வந்து சேர்ந்தார். சம்பளம் வாரத்துக்கு 75 டாலர். குழு என்று ஒன்று அப்போது கிடையாது. இருவரும் ஒரே வண்டியில் ஊர் ஊராகப் போய், அந்தந்த ஊரில் கிடைக்கிற வாத்தியக்காரர்களைச் சேர்த்துக்கொண்டு வாசித்தார்கள். அந்த ஓட்டத்தில், வண்டியிலேயே, பக் தன் கிடார் கையை டானுக்குக் கொடுத்தார். பக் நல்ல லீட் கிடார்காரர். ஆனாலும் அந்த இடத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக டானிடம் விட்டுவிட்டுப் பாட்டைப் பார்த்துக்கொண்டார். ஒரு பெரிய பாடகர், தனக்குக் கை வந்த வாத்தியத்தை இன்னொருவனுக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டு ஒதுங்கி நிற்பதை நான் இந்தத் தொழிலில் பார்த்ததில்லை. கிடார் தெரிந்த பாடகர் எங்கள் குழுவுக்கும் ஒருவர் வந்தார். கச்சேரி முழுக்க என் கையையே முறைத்துக்கொண்டிருந்தார்.

1966க்குள் குழு ஐந்து பேராக நிலைத்துவிட்டது. பக், டான் இருவரிடமும் டெலிகாஸ்டர். பேஸ் கிடாரில் டாயில் ஹாலி, எண்ணெய் வயல்களில் வேலை செய்துவிட்டு வந்த ஓக்லஹோமாக்காரர். டிரம்ஸில் வில்லி கான்டு, டெக்சாஸின் கார்பஸ் கிறிஸ்டி ஊர்ப் பையன், வயது இருபதை ஒட்டித்தான் இருக்கும். பெடல் ஸ்டீல் கிடாரில் டாம் பிரம்லி. இவருடைய அப்பா ஆல்பர்ட் பிரம்லி, அமெரிக்கத் தேவாலயங்களில் இன்றும் பாடுகிற பல பாடல்களை எழுதியவர். பக்கரூஸ் என்ற பெயரை வைத்தது மெர்ல் ஹாகர்ட். அவர் பெரிய பாடகராவதற்கு முன்னால் கொஞ்ச நாள் இதே குழுவில் பேஸ் வாசித்துவிட்டுப் போனவர். பெயர் வைத்துவிட்டுப் போன ஆள் பிறகு அந்த ஊரின் இன்னொரு தூணாகிவிட்டார், அது தனிக் கதை.

சரி, கார்னகி ஹால்.

1891ல் திறந்த கூடம். திறப்பு விழாவில் சைக்கோவ்ஸ்கியே வந்து தன் இசையை நடத்தினார். 2800 இருக்கைக்குப் பக்கம். 1960ல் இடித்துவிட இருந்தார்கள். வயலின் மேதை ஐசக் ஸ்டெர்ன் முன்னால் நின்று போராடி, நகர நிர்வாகத்தையே வாங்க வைத்துக் காப்பாற்றினார். நம்மவர்களுக்கு இந்தப் பெயர் எம்.எஸ். சுப்புலட்சுமியால் பழக்கம். 1977ல் அவர் அங்கே பாடிய கச்சேரி ஒலிப்பதிவாக வந்து வீட்டுக்கு வீடு ஓடியது. பக் ஓவன்ஸ் கச்சேரி நடந்த அதே 1966ல், ஏழு மாதம் கழித்து, எம்.எஸ். ஐ.நா. சபையில் பாட அதே நியூயார்க்குக்குப் போனார். ஒரு ஊருக்கு ஒரே வருஷத்தில் எப்படிப்பட்ட விருந்தாளிகள் பாருங்கள்.

கன்ட்ரிக்காரர்கள் அதற்கு முன்பும் அங்கே வந்ததுண்டு. 1947ல் எர்னஸ்ட் டப் கோஷ்டி வந்தது. 1961ல் பாட்ஸி கிளைன் பாடினார். 1962ல் பிளாட், ஸ்கிரக்ஸ் இருவரும் வந்து அதையும் தட்டாக வெளியிட்டார்கள். அதே 1962ல் ஜானி கேஷ் வந்து, தொண்டை அடைத்துப்போய், மோசமாகப் பாடிவிட்டுத் திரும்பினார். அதனால் பக்கின் மேனேஜர் ஜாக் மெக்ஃபேடன் இந்த யோசனையைக் கொண்டுவந்தபோது பக் தயங்கியதில் ஆச்சரியமில்லை. நியூயார்க்கில் நம்மைக் கேட்க யார் வருவார்கள், நாற்காலி காலியாகக் கிடந்தால் மானம் போகும் என்பது அவர் கவலை. கன்ட்ரி பட்டியலில் வரிசையாகப் பாட்டுகள் முதலிடம் பிடித்துக்கொண்டிருந்த நேரம் அது. 'லவ்ஸ் கானா லிவ் ஹியர்' என்ற ஒரே பாட்டு 16 வாரம் முதலிடத்தில் உட்கார்ந்திருந்தது. அப்படிப்பட்ட ஆளுக்கு இந்தப் பயம். பருத்திக்காட்டிலிருந்து வந்தவர்களுக்கு இது சுலபத்தில் போகாது போல.

மெக்ஃபேடன் விடவில்லை. ஊசியைத் தட்டில் வைத்தவுடனே அதற்கு நன்றி சொல்லத் தோன்றும்.

முதல் பாட்டு 'ஆக்ட் நேச்சுரலி'. 1963ல் பக்கை முதன்முதலாக முதலிடத்துக்குக் கொண்டுபோன பாட்டு. இதைப் பீட்டில்ஸ் குழுவில் ரிங்கோ ஸ்டார் பாடி, 1965 செப்டம்பரில் அமெரிக்காவில் 'யெஸ்டர்டே' தட்டின் மறுபக்கமாக வந்திருந்தது. ஆகவே கன்ட்ரி வாசனையே படாத நியூயார்க்காரனுக்கும் இந்த மெட்டு தெரிந்திருக்கும். முதல் பாட்டாக இதை வைத்தது கணக்குப் போட்டு வைத்ததுதான். கச்சேரியில் முதல் பாட்டு எதுவென்று முடிவு செய்ய எங்கள் குழுவில் நடக்கிற சண்டை, கடைசிப் பாட்டுக்குக்கூட நடக்காது. பிள்ளையார் பாட்டு முடிந்ததும் வருகிற அந்த ஒரு பாட்டில் கூட்டம் கைபேசியைக் கீழே வைக்கவில்லை என்றால் பந்தி தொடங்கும்வரை வைக்காது.

இந்தப் பாட்டில் டான் பாட வருகிற இடத்தைக் கவனியுங்கள். பக் வரியைத் தனியாக எடுக்கிறார். கோரஸுக்கு வரும்போது டான் மேலே ஏறிக்கொள்கிறார். பக் பாடுகிற சுரத்துக்கு மூன்றாவது சுரத்தில், மேலே. ஹார்மனி பாடுவதில் இது பாலபாடம், எவரும் கற்றுக்கொள்ளலாம். கஷ்டம் அடுத்த கட்டத்தில் இருக்கிறது. பக் ஒரு வரியை முடிக்கும்போது சுரத்தை நேராக வைக்க மாட்டார். கடைசி எழுத்தைக் கொஞ்சம் வளைத்து மேலே தள்ளுவார், சில நேரம் சட்டென்று நறுக்கிவிடுவார். எந்த வரியில் எதைச் செய்வார் என்பதற்கு விதி கிடையாது. டான் அந்த வளைவில் கூடவே வளைகிறார், நறுக்கும் இடத்தில் கூடவே நறுக்குகிறார். மெய்யெழுத்து இரண்டு தடவை விழுவதில்லை. அதே நேரத்தில் கை டெலிகாஸ்டரில் பதில் வரியை வாசிக்கிறது. வாய் ஒருவரைப் பின்தொடர, கை தன் வேலையைத் தனியாகப் பார்க்கிறது. நான் இதைச் செய்து பார்த்திருக்கிறேன். ஒன்று கை நிற்கும், இல்லாவிட்டால் வாய் நிற்கும்.

கூடப்பிறந்தவர்கள் சேர்ந்து பாடினால் குரல் ஒட்டும் என்று கன்ட்ரி உலகத்தில் ஒரு நம்பிக்கை உண்டு. அண்ணன் தம்பி ஜோடிகள் அங்கே ஏராளம். பக்கும் டானும் வேறு வேறு மாநிலம், வேறு வேறு வளர்ப்பு. ஒட்ட வைத்தது வண்டியில் போன ஆயிரக்கணக்கான மைல்கள்தான் என்பது என் அபிப்பிராயம். சில இடங்களில் இரண்டு குரலில் எது யாருடையது என்று பிரித்துச் சொல்வதே சிரமம்.

இரண்டாவதாக 'டுகெதர் அகெய்ன்'. என்னிடம் ஒரே ஒரு பாட்டைத்தான் கேட்க நேரம் இருக்கிறது என்று சொன்னால் இதைப் போடுவேன். வரிகளைப் பார்த்தால் பிரிந்தவர்கள் மறுபடி சேர்ந்துவிட்ட சந்தோஷம். மெட்டைக் கேட்டால் இழவு வீடு. சந்தோஷத்தை இப்படி அழுதுகொண்டே பாட ஒரு மனிதனுக்குத் தோன்றியதே என்று இன்னமும் எனக்கு வியப்பு. 1964ல் 'மை ஹார்ட் ஸ்கிப்ஸ் எ பீட்' தட்டின் மறுபக்கமாக வந்த பாட்டு இது. மறுபக்கம்தானே என்று யாரும் விடவில்லை. முதலிடத்திலிருந்து முன்பக்கத்தைத் தள்ளிவிட்டு மறுபக்கம் ஏறியது, பிறகு முன்பக்கம் திரும்பப் பிடித்தது.

அந்தப் பாட்டின் உயிர் நடுவில் வரும் டாம் பிரம்லியின் ஸ்டீல் கிடார். பெடல் ஸ்டீல் என்பது படுக்க வைத்து வாசிக்கிற கிடார். இடது கையில் உலோகக் கட்டையைத் தந்திகள் மேல் தேய்த்துக்கொண்டே போவார்கள். கோட்டுவாத்தியம் பார்த்தவர்களுக்கு அந்தக் கை அசைவு உடனே பிடிபடும். கூடுதலாகக் காலடியில் பெடல்கள் உண்டு. ஒரு பெடலை மிதித்தால் குறிப்பிட்ட தந்தி மட்டும் இறுகி, சுரம் ஏறும். மற்ற தந்திகள் இருந்த இடத்திலேயே நிற்கும். ஆகவே ஒரு கூட்டுச் சுரத்துக்குள் ஒரே ஒரு குரல் மட்டும் நழுவி மேலே போகிற மாதிரி கேட்கும். பிரம்லி அதைத்தான் செய்கிறார். ஸ்டுடியோ பதிவில் வாசித்ததைக் கூடத்தில் கிட்டத்தட்ட அப்படியே வாசிக்கிறார். அவசரமே இல்லை. வேகமாக வாசித்துக் கைதட்டு வாங்குகிற ஆசை அவரிடம் துளியும் கிடையாது. நம்மூர் கீபோர்டுக்காரர்கள் நாலு பேரை உட்கார வைத்து இதைக் கேட்க வைக்க வேண்டும்.

அப்புறம் மெட்லி. மெதுவான பாட்டுகளை ஒன்றோடொன்று கோத்து ஒரு மாலை, பழைய வேகப் பாட்டுகளைக் கோத்து இன்னொன்று. மெட்லி என்றாலே முகம் சுளிக்கிற ரசிகர்கள் உண்டு. பாட்டைப் பாதியில் கொல்வது என்பார்கள். வாசிக்கிறவனாகச் சொல்கிறேன், கையில் இத்தனை ஹிட் இருந்து நேரம் குறைவாக இருந்தால் வேறு வழி கிடையாது. ஒரு பாட்டிலிருந்து அடுத்ததுக்குத் தாவும் அந்த ஒரு வினாடியில்தான் குழுவின் தரம் தெரியும். ஸ்கேல் மாறும், டெம்போ மாறும், எல்லோரும் ஒரே நேரத்தில் திரும்ப வேண்டும். வில்லி கான்டு ஒரு சின்ன உருட்டு கொடுக்கிறார், ஐந்து பேரும் அடுத்த பாட்டுக்குள் இருக்கிறார்கள். மெதுவான மெட்லியில் 'க்ரையிங் டைம்' வந்துவிட்டுப் போகும். பக் எழுதி 1964ல் பெரிதாகக் கண்டுகொள்ளப்படாமல் போன பாட்டு. அதை ரே சார்லஸ் எடுத்துப் பாடி, சரியாக இந்தக் கச்சேரிக்கு முந்தைய மாதங்களில்தான் நாடு முழுக்க ஒலித்துக்கொண்டிருந்தது. பக் நினைத்திருந்தால் முழுசாகப் பாடி, என் பாட்டுதான் இது என்று காட்டியிருக்கலாம். கொஞ்சம் பாடிவிட்டு நகர்ந்துவிடுகிறார்.

'டைகர் பை த டெயில்' பாட்டுக்குக் கூடம் எழுந்துவிடுகிறது. பெட்ரோல் பங்க்கில் 'உங்கள் டாங்கில் ஒரு புலியை விடுங்கள்' என்று எஸ்ஸோ கம்பெனி மாட்டியிருந்த விளம்பரத்தைப் பார்த்து, பக்கும் பாடலாசிரியர் ஹார்லன் ஹோவர்டும் எழுதிய பாட்டு. ஹிட்டுக்கு எங்கிருந்து விதை விழும் என்று சொல்லவே முடியாது.

'பக்கரூ' என்று ஒரு வாத்திய இசை. பாட்டே கிடையாது, டானின் கிடார்தான் எல்லாம். 1965ல் வெறும் வாத்திய இசையாகவே கன்ட்ரி பட்டியலில் முதலிடம் பிடித்தது. பாடகர் பெயரில் நடக்கும் குழுவில் பாடகர் வாயே திறக்காத ஒன்று முதலிடம் பிடித்தால் வேறு குழுவாக இருந்தால் அடுத்த வாரம் ஆள் மாறியிருக்கும். இங்கே பக் அதைக் கார்னகி ஹால் மேடைக்கே கொண்டுவருகிறார்.

இனி ஆல்பத்தில் என் நண்பர்கள் தாண்டிப் போகச் சொல்கிற பகுதி. டானும் டாயிலும் சேர்ந்து செய்யும் வேடிக்கை. பிரபல பாடகர்களைப் போலக் குரல் மாற்றிப் பாடுவது, கிண்டல், மிமிக்ரி. 60 வருஷம் கழித்து, வேறு நாட்டில் உட்கார்ந்துகொண்டு கேட்டால் பாதி நகைச்சுவை புரியாது, புரிந்த பாதியும் சுமார்தான். ஆனாலும் நான் தாண்டுவதில்லை. பாடகருக்குத் தொண்டை ஆற வேண்டும், பக்கத்தில் நிற்கிறவன் மேடையைத் தாங்க வேண்டும். நம் ஊர்க் கச்சேரிகளிலும் பாடகர் தண்ணீர் குடிக்கப் போகும்போது சிவாஜி குரலில் பேச ஒருவர் இருப்பார். அந்த ஆள் மொக்கை போட்டால் திட்டு வாங்குவார், போடாவிட்டால் மேடை செத்துவிடும். டானும் டாயிலும் அதைத் தயங்காமல் செய்கிறார்கள். கூட்டம் சிரிக்கிறது.

அதைத் தொடர்ந்து 'ட்விஸ்ட் அண்ட் ஷவுட்'. பீட்டில்ஸ் பாணியில் தலையில் விக் மாட்டிக்கொண்டு அந்தப் பாட்டைப் போடுவது அவர்கள் மேடையில் வழக்கமாகச் செய்த வேலை. இதில் ஒரு சங்கதி இருக்கிறது. 1965 மார்ச்சில் நாஷ்வில்லின் 'மியூசிக் சிட்டி நியூஸ்' பத்திரிகையில் பக் ஓர் உறுதிமொழியை அச்சிட்டிருந்தார். கன்ட்ரி அல்லாத பாட்டைப் பாட மாட்டேன், கன்ட்ரி அல்லாத இசைத்தட்டு போட மாட்டேன் என்ற அர்த்தத்தில். கொஞ்ச நாளிலேயே சக் பெர்ரியின் ராக் அண்ட் ரோல் பாட்டு ஒன்றைத் தன் ஆல்பத்தில் பாடிவிட்டு, இதுவும் கன்ட்ரிதான் என்று சமாளித்தார். கார்னகி ஹாலில் விக்கோடு நிற்கிறார். பீட்டில்ஸும் 1964 பிப்ரவரியில் இதே மேடையில் வாசித்துவிட்டுப் போனவர்கள். ரிங்கோ என் பாட்டைப் பாடினால் நான் அவர்கள் பாடும் பாட்டைப் பாடுகிறேன், கணக்கு சரி, அவ்வளவுதான். உறுதிமொழி எடுத்த கையோடு உடைக்கிற இந்தக் குணத்துக்காகவே பக்கை எனக்குப் பிடிக்கும். 1989ல் பக்கும் ரிங்கோவும் லண்டனுக்குப் போய் 'ஆக்ட் நேச்சுரலி'யைச் சேர்ந்து பாடியே விட்டார்கள்.

ஒலிப்பதிவைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். கார்னகி ஹால் மைக் இல்லாத இசைக்காகக் கட்டிய கூடம். வயலினுக்கும் மனிதக் குரலுக்கும் அது நிழல் கொடுக்கும். டிரம்ஸும் ஆம்பிளிஃபையரும் உள்ளே போனால் சத்தம் சுவரில் மோதித் திரும்பிக் குழம்பும். டைல்ஸ் போட்ட கல்யாண மண்டபத்தில் வாசித்தவர்களுக்கு இந்த அவஸ்தை தெரியும். பாடகர் முன்வரியைப் பாடிக்கொண்டிருக்க, பின்வரி கூரையிலிருந்து வரும். இந்தத் தட்டில் அந்தக் குழப்பம் இல்லை. காரணம் மைக் வைத்த விதமாகவும் இருக்கலாம், ஆனால் இவர்கள் வாசிக்கிற விதமும்தான் என்று என் காது சொல்கிறது. ஒருவர் வாசிக்கும்போது இன்னொருவர் ஒதுங்குகிறார். பக் பாடும்போது டான் கிடார் இரண்டு சுரத்துக்கு மேல் பேசாது. ஸ்டீல் வரும்போது டெலிகாஸ்டர் வெறும் தாளத்துக்குப் போய்விடும். இரைச்சலான மதுக்கடையில் தொழில் கற்றவர்களுக்கு எப்போது சத்தம் போடக்கூடாது என்று தெரிந்திருக்கிறது.

ஆல்பம் அந்த வருஷம் கன்ட்ரி பட்டியலில் முதலிடம் போனது. ஜானி கேஷ் ஃபோல்சம் சிறையில் பதிவு செய்த புகழ்பெற்ற லைவ் தட்டுக்கு இன்னும் 2 வருஷம் இருந்தது. இங்கே ருசி கண்ட பக், பிறகு போன இடமெல்லாம் பதிவு செய்தார். ஜப்பான், லண்டன், ஸ்காண்டிநேவியா, வெள்ளை மாளிகை என்று லைவ் ஆல்பங்கள் வரிசையாக வந்தன. 1969 முதல் 'ஹீ ஹா' என்ற டிவி நகைச்சுவை நிகழ்ச்சியில் சிவப்பு, வெள்ளை, நீலக் கிடாரோடு நின்றார். பணம் கொட்டியது. பெரிய இசைக்காரர் என்பதைச் சனங்கள் மறந்து, டிவி கோமாளியாக நினைக்க ஆரம்பித்தார்கள்.

1974 ஜூலை 17. பேக்கர்ஸ்ஃபீல்ட் ஸ்டுடியோவில் வேலை முடித்து, குடும்பத்தோடு விடுமுறையில் சேர்ந்துகொள்ள மோட்டார் சைக்கிளில் கடற்கரைப் பக்கம் போன டான், மாரோ பே அருகே விபத்தில் இறந்தார். வயது 32. மோட்டார் சைக்கிளை விட்டுவிடு என்று பக் பல தடவை கெஞ்சியிருந்தார். பல வருஷங்கள் அந்தச் சாவைப் பற்றி வாய் திறக்கவே இல்லை. பிறகு பேசியபோது, தன் இசை வாழ்க்கை அன்றோடு முடிந்துவிட்டது என்கிற மாதிரிதான் பேசினார். தட்டுகள் வந்துகொண்டுதான் இருந்தன. கேட்டுப் பாருங்கள், மேல் குரல் இருக்க வேண்டிய இடத்தில் யாரோ நன்றாகத்தான் பாடுகிறார்கள். யாரோதான்.

1988ல் ட்வைட் யோக்கம் என்ற இளம் பாடகர் அவரைத் தேடிப் போய்ப் பிடித்து இழுத்து வந்து, இருவரும் பாடிய 'ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் பேக்கர்ஸ்ஃபீல்ட்' முதலிடம் வந்தது. 1996ல் பக் தன் ஊரில் 'கிறிஸ்டல் பேலஸ்' என்று சொந்தமாக ஓர் அரங்கம் கட்டி, வாரா வாரம் அங்கேயே பாடினார். 2006 மார்ச் 24 வெள்ளிக்கிழமை ராத்திரி உடம்பு சரியில்லை, இன்று வேண்டாம் என்று வீட்டுக்குக் கிளம்பியவர், ஓரிகனிலிருந்து தன்னைக் கேட்பதற்காகவே வந்திருந்த ரசிகர்களைப் பார்த்துவிட்டு, திரும்பி மேடையேறிப் பாடினார். வீட்டுக்குப் போய்ப் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. மறுநாள் மார்ச் 25. கார்னகி ஹால் கச்சேரி நடந்து சரியாக 40 வருஷம்.

கேட்க நினைப்பவர்களுக்கு: பழைய எல்பியில் கச்சேரி சுருக்கப்பட்டிருக்கும். பிறகு வந்த சிடிகளில் இன்னும் நீளமாக, முழுக் கச்சேரியாகவே கிடைக்கிறது. அதைத் தேடுங்கள். பெரிய ஸ்பீக்கர் வேண்டாம். சாதாரண கார் ஸ்பீக்கர் போதும், அதற்காகத்தான் இவர்கள் வாசித்துப் பழகினார்கள். ஒரு தடவை பக்குக்காகக் கேட்டுவிட்டு, இரண்டாவது தடவை பக்கை விட்டுவிட்டு மேல் குரலை மட்டும் பிடித்துக்கொண்டு போய்ப் பாருங்கள். 'ட்விஸ்ட் அண்ட் ஷவுட்' பிடிக்கவில்லை என்று எனக்குக் கடிதம் எழுத வேண்டாம், ஏற்கெனவே எங்கள் கீபோர்டுக்காரர் சொல்லிவிட்டார். ஜப்பான் ஆல்பம் இதைவிட ஒரு படி மேல் என்று அவர் ஒரு கட்சி. நான் ஒத்துக்கொள்ளவில்லை. அந்தச் சண்டையை அடுத்த பதிவில் வைத்துக்கொள்ளலாம்.